ஓட்டுகிற நாற்காலி

நான் சுத்தமான பயந்தாங்கொள்ளி. இதைச் சொல்லிக்கொள்வதில் எனக்கு வெட்கம் ஒன்றும் இல்லை. பல்லிக்குப் பயம், இடிக்குப் பயம், கணக்கு டீச்சருக்கு இரண்டையும்விட அதிகப் பயம். ஆனால் இதெல்லாம் வரும், போகும். ஒரே ஒரு பயம் மட்டும் ஆறேழு வாரம் என்னோடு படுத்து என்னோடு எழுந்தது. அதைக் கிளப்பி விட்டது ஒரு டிவி தொடர் என்று சொன்னால் என் பிள்ளைகள் சிரிக்கிறார்கள். சிரிக்கட்டும்.

எண்பதுகளின் நடுப்பகுதி. நான் ஒன்பதாம் வகுப்பு. ஆவடிப் பக்கம் ஒரு அரசாங்கத் தொழிற்சாலையின் குவார்ட்டர்ஸில் இருந்தோம். அப்பா அங்கே ஃபிட்டர். ராணுவத்துக்குச் சாமான் செய்கிற இடம். என்ன சாமான் என்று அப்பா சொன்னதில்லை, அம்மா கேட்டதுமில்லை. எங்கள் வரிசையில் எந்த வீட்டிலும் அதைப் பற்றிப் பேச்சு வராது. பேசக் கூடாது என்று எழுதிக் கையெழுத்து வாங்கியிருந்தார்கள்.

அவ்வளவு கட்டுப்பாடான இடத்தில் ஒரு விஷயத்தை மட்டும் எல்லோரும் கண்டுகொள்ளாமல் விட்டிருந்தார்கள். ஜூன் மாதம் பள்ளிக்கூடம் திறந்தால் குவார்ட்டர்ஸில் எல்லா வீட்டுப் புத்தகங்களுக்கும் அட்டை ஒரே தாளில்தான். தொழிற்சாலையில் இயந்திரப் படங்கள் அச்சடித்து, பழசாகிப் போனதும் கழித்துப் போட்ட பெரிய தாள்கள். ஒரு பக்கம் ஊதாக் கோடுகளும் எண்களும், மறுபக்கம் வெள்ளை. வெளியே கொண்டுபோகக் கூடாது என்பது சட்டம். மடித்து டிபன் பையின் அடியில் வைத்துக் கொண்டுவருவது வழக்கம். ஊதாப் பக்கம் உள்ளே போகும்படி அட்டை போடுவோம். அந்தத் தாளில் மூக்கைத் துளைக்கும் அமோனியா நெடி இருக்கும். வகுப்புக்குள் நுழைந்ததுமே யார் யார் குவார்ட்டர்ஸ் பிள்ளைகள் என்று டீச்சர் கண்ணை மூடிக்கொண்டு சொல்லிவிடுவார்.

மிஞ்சிய தாள் எனக்கு. வழவழவென்று, கனமாக, அழித்து அழித்து வரைந்தாலும் கிழியாது. அதில்தான் நான் கப்பல் வரைவேன்.

கப்பல் என்றால் தண்ணீரில் போவது இல்லை. ஞாயிற்றுக்கிழமை காலையில் டிவியில் ஒரு வெளிநாட்டுத் தொடர் வரும். விண்வெளிக் கப்பல் ஒன்று கிரகம் கிரகமாகப் போகும். எல்லாம் ஆங்கிலம். எங்கள் வரிசையில் டிவி இருந்தது பக்கத்து வீட்டு ஆன்ட்டியிடம். அவர்கள் வேதக்காரர்கள். காலைப் பூசைக்குப் போய்விட்டு வந்து, வெள்ளைப் புடவையை மாற்றாமலே டிவியைப் போட்டு, வரிசைப் பிள்ளைகள் எல்லோரையும் உள்ளே விடுவார்கள். நல்ல மனசு. ஆனால் அங்கேயும் ஒரு சட்டம் இருந்தது. பையன்களுக்கு நாற்காலி. பெண்களுக்குப் பாய், அதுவும் சமையலறை வாசல் ஓரம். கப்பலில் குண்டு விழும் நேரமாகப் பார்த்து எவனாவது தண்ணீர் கேட்பான். யாராவது ஒரு பெண் எழுந்து போக வேண்டும். அது பெரும்பாலும் நான்தான்.

அந்தக் கப்பலில் ஏழு பேர். அதில் ஒருத்தி பெண். குட்டை முடி, பித்தளைப் பொத்தான் வைத்த சட்டை. அவள் வேலை வரைபடம் பார்ப்பது. எந்தக் கிரகம் எந்தப் பக்கம் என்று அவள்தான் சொல்வாள். ஆனால் ஓட்டுகிற நாற்காலியில் அவள் ஒரு நாளும் உட்கார்ந்ததில்லை. ஆபத்து வந்தால் தலைவன் அவளைப் பார்த்து ஏதோ சொல்வான், அவள் உள்ளே போய்விடுவாள். எனக்கு எரியும். வழி தெரிந்தவளை உள்ளே அனுப்பிவிட்டு இவன் எதைப் பார்த்து ஓட்டுகிறான்? பாயில் உட்கார்ந்து முணுமுணுப்பேன். நாற்காலியில் இருந்து ஒரு குரல் வரும், "ஏ, சும்மா இரு. உனக்கு இன்னா புரியுது?"

திங்கட்கிழமை எனக்கு ஒரு ரசிகை காத்திருப்பாள். முத்தாபுதுப்பேட்டையில் இருந்து வரும் என் தோழி. அவள் வாப்பா மெத்தை, தலையணை தைக்கிறவர். ஞாயிறுதான் அவர்களுக்கு வேலை அதிகம், இவள் பஞ்சு அடைக்க உட்கார்ந்துவிடுவாள். வீட்டில் டிவியும் கிடையாது. திங்கட்கிழமை முடியில் ஒட்டின பஞ்சோடு வந்து, மதியச் சாப்பாட்டு மணி அடித்ததும் புங்க மரத்தடியில் டப்பாவைத் திறப்பாள். "ம், சொல்லு. கப்பலு இன்னா ஆச்சு?"

நான் சொல்வேன். பாதி எனக்கே புரிந்திருக்காது. மீதியில் பாதியை நான் தண்ணீர் மொள்ளப் போனதில் விட்டிருப்பேன். அந்த ஓட்டைகளை எல்லாம் என் இஷ்டத்துக்கு அடைத்தேன். தலைவனுக்கு அடிபட்டது என்பேன். கை உடைந்தது என்பேன். ஒரு வாரம் அவனுக்கு அம்மை வார்த்துவிட்டேன். ஒவ்வொரு வாரமும் கடைசியில் அந்தப் பெண்தான் நாற்காலியில் உட்கார்ந்து கப்பலை மீட்டுக் கொண்டுவருவாள். தோழிக்குச் சோறு தொண்டையில் இறங்காது. "அப்படிப் போடு!" என்பாள். தோழியைப் பொறுத்தவரை அந்தக் கப்பலை ஓட்டுவதே அந்தப் பெண்தான். நான் சொல்வதைக் கேட்க இன்னும் நாலைந்து பெண்கள் சேர்ந்தார்கள்.

இப்படியே போயிருந்தால் ஒரு வம்பும் இல்லை. எனக்குத்தான் ஆசை அடங்கவில்லை. பொய்யாக எத்தனை நாள் ஓட்டுவது? டிவி நிலையத்துக்குக் கடிதம் போட்டால் என்ன? வெளிநாட்டில் எப்போதோ எடுத்து முடித்த தொடர் அது என்பதெல்லாம் எனக்குத் தெரியாது. காட்டுகிறவர்கள் நினைத்தால் மாற்றலாம் என்று நம்பினேன். ஒன்பதாவது படிக்கும் பெண் எழுதினால் குப்பைக் கூடைக்குத்தான் போகும் என்பது மட்டும் நன்றாகத் தெரிந்திருந்தது. அதனால் அப்பா பேரில் எழுதினேன்.

அதோடு விட்டேனா? "ஐயா, நான் தொழிற்சாலையில் பல வருடமாக வேலை பார்ப்பவன். இயந்திரம் பற்றி அறிந்தவன் என்ற முறையில் இதை எழுதுகிறேன். வரைபடம் பார்க்கும் அந்த அம்மையாரே கப்பலை ஓட்டினால்தான் முறை. அதற்கு ஏற்றபடி ஓட்டும் அறையை எப்படி அமைக்க வேண்டும் என்று வரைந்து இணைத்துள்ளேன்." கீழே அப்பாவின் பேர், குவார்ட்டர்ஸ் எண். இணைத்தது, என் கப்பல்களிலேயே நன்றாக வந்த படம். என்னிடம் இருந்த நல்ல தாளில் வரைந்தது. ஊதாப் பக்கத்தை நான் திருப்பிக்கூடப் பார்க்கவில்லை. புத்தக அட்டையின் உள்பக்கத்தை யார் பார்ப்பார்கள்?

இரண்டு வாரம், டிவியில் நேயர் கடிதங்களுக்குப் பதில் சொல்லும் நிகழ்ச்சியில் என் கடிதம் வருமா என்று ஆன்ட்டி வீட்டில் தவம் கிடந்தேன்.

மூன்றாவது வாரம் ஒரு மாலை, அப்பா ஷிப்ட் முடிந்து வந்தவர் செருப்பைக்கூடக் கழற்றாமல் என் புத்தகங்களை எடுத்து அட்டைகளைக் கிழிக்க ஆரம்பித்தார். வேறு பிரிவில் ஒருவரின் பையில் இந்தத் தாள் அகப்பட்டு, அவரை வேலையில் இருந்து நிறுத்தி வைத்துவிட்டார்களாம். "ஒரு துண்டு ஊட்ல இருக்கக் கூடாது. இருந்தா வேலை பூடும். வேலை பூட்டா இந்த ஊடும் பூடும்," என்றார். அம்மா வெந்நீர் அடுப்பில் போட்டுப் போட்டு எரித்தாள். வீடு முழுக்க நெடி. என் புத்தகங்கள் எல்லாம் அட்டை இழந்து நின்றன.

அப்பா என்னைப் பார்த்துக் கேட்டார். "அவ்ளோதானே? வேற எங்கியும் இல்லியே?"

"இல்லப்பா."

அந்த ஒரு வார்த்தையைச் சொன்ன பிறகுதான் எனக்கு உறைத்தது. தாள் மெட்ராஸில் இருக்கிறது. பின்பக்கம் ஊதாக் கோடு. மூலையில் தொழிற்சாலை முத்திரை இருக்கும், எல்லாத் தாளிலும் இருக்கும். முன்பக்கம் நான் வரைந்தது. கூடவே அப்பாவின் பேர், விலாசம், "இயந்திரம் பற்றி அறிந்தவன்." எதிரிகூட இவ்வளவு கச்சிதமாக மாட்டிவிட மாட்டான்.

அதற்குப் பிறகு எனக்குத் தூக்கம் போனது, சோறு போனது. குவார்ட்டர்ஸுக்குள் ஜீப் சத்தம் கேட்டால் ஓடிப்போய் ஜன்னலைச் சாத்துவேன். தபால்காரர் எங்கள் வரிசையில் சைக்கிளை நிறுத்தினால் கொல்லைப் பக்கம் ஓடிப்போய் நிற்பேன். கடிதம் வாசிக்கும் நிகழ்ச்சியைப் பார்க்காமலும் இருக்க முடியவில்லை. என் கடிதம் வர வேண்டும் என்று வேண்டிய அதே பாயில் உட்கார்ந்து, வரக் கூடாது, வரக் கூடாது என்று வேண்டினேன். ஆன்ட்டி வீட்டு மாதா படத்தைப் பார்த்தும் வேண்டினேன். எந்தச் சாமியாக இருந்தால் என்ன. அப்பாவிடம் சொல்லிவிடலாம் என்று வாயைத் திறப்பேன். அவர் அன்றைக்குப் பார்த்துச் சிரித்துப் பேசிக்கொண்டிருப்பார். மூடிக்கொள்வேன்.

கப்பல் தொடர் மட்டும் வாராவாரம் வந்தது. தோழிக்குக் கதை சொல்வதும் நிற்கவில்லை. சொல்லும்போது மட்டும் கொஞ்ச நேரம் பயம் மறந்திருக்கும்.

ஒரு சனிக்கிழமை காலை பத்து மணிக்கு அப்பா வீட்டுக்கு வந்தார். அந்த நேரத்தில் வரக் கூடியவர் இல்லை. முகத்தில் ஈயாடவில்லை. வாசலில் காவலாள் ஒருவர் சைக்கிளைப் பிடித்துக்கொண்டு நின்றார். அப்பா அலமாரியில் எதையோ தேடினார். தன் கையெழுத்தில் இருக்கும் தாள் ஏதாவது வேண்டுமாம்.

"எவனோ என் பேர்ல டிவிக்காரனுக்கு லெட்டர் போட்டுக்கிறான்," என்றார் அம்மாவிடம். "கம்பெனி பேப்பர்ல படம் வேற. அவங்க பார்த்துட்டு இங்க திருப்பி அனுப்பிட்டாங்க. எனக்குத் தெரியும் எவன்னு. பக்கத்து மெஷின்காரன். போன மாசம் எனக்கும் அவனுக்கும் வாய்த்தகராறு. ஆபீசர்கிட்ட அவன் பேரைச் சொல்லப் போறேன்."

பக்கத்து மெஷின்காரரை எனக்குத் தெரியும். சைக்கிளில் போகும்போது என்னைப் பார்த்தால் மணி அடிப்பார்.  எப்படிச் சொன்னேன் என்று தெரியவில்லை.

"நான்தாம்பா எழுதினேன்."

அடிப்பார் என்று கண்ணை இறுக்கி மூடிக்கொண்டேன். அடி விழவில்லை. திறந்து பார்த்தால் அப்பா அலமாரிக்குக் கீழே தரையில் உட்கார்ந்திருந்தார். அம்மா, "அடிப் பாவி" என்று ஒரே ஒரு தடவை சொன்னாள். அதற்கு அடியே விழுந்திருக்கலாம்.

காவலாள் முன்னால் போக, அப்பா தன் சைக்கிள் கேரியரில் என்னை உட்கார வைத்து மிதித்தார். வழியெல்லாம் அவர் முதுகு மட்டும்தான் தெரிந்தது. சட்டை நனைந்து ஒட்டியிருந்தது. 

கேட் பக்கத்து அறையில் பாதுகாப்பு அதிகாரி இருந்தார். பெரிய மீசையோடு ஒருவரை எதிர்பார்த்துப் போனேன். ஜலதோஷம் பிடித்த ஒல்லி மனிதர், கைக்குட்டையால் மூக்கைத் துடைத்தபடி இருந்தார். மேசையில் என் கப்பல். அதைப் பார்த்ததும் எனக்கு அழுகை வந்துவிட்டது.

அப்பா சொன்னதைக் கேட்டுவிட்டு அதிகாரி தலையை ஆட்டினார். "ஏன்யா, பொண்ணைக் கூட்டிட்டு வந்து சொல்ல வைக்கிறியா? இது பொண்ணு வரையிற படமா? பாப்பா, அப்பாவைக் காப்பாத்தணும்னு பொய் சொல்லக் கூடாது."

"நான்தான் சார் வரைஞ்சேன்."

"கோலம் போடுவே. இது நீ போட மாட்டே."

எனக்கு உதறல். ஆனால் அந்த உதறலுக்கு அடியில் எங்கேயோ சுருக்கென்றது. "பேப்பர் குடுங்க சார், வரையிறேன்," என்றேன். அப்பா என்னைத் திரும்பிப் பார்த்தார்.

ஒரு வெள்ளைத் தாளும் பென்சிலும் தள்ளினார். நின்றபடியே வரைந்தேன். முதல் கோடு கோணிப் போனது. பிறகு நேராகிவிட்டது. வட்ட அறை, நடுவில் ஓட்டுகிற நாற்காலி, அதைச் சுற்றி வளைந்த வரைபட மேசை, பின்னால் தப்பிப் போகும் வாசல். அதிகாரி பழைய படத்தைப் பக்கத்தில் வைத்துப் பார்த்தார். மூக்கைத் துடைக்க மறந்துவிட்டார்.

"இந்த நாற்காலி ஏன் இப்படி?"

"அது சுத்தும் சார். முன்னாடி திரும்பினா ஓட்டலாம், பின்னாடி திரும்பினா வரைபடம் பார்க்கலாம். ஒரே ஆளே ரெண்டும் பண்ணலாம். யாரையும் கூப்பிட வேணாம், யாரையும் உள்ளே அனுப்பவும் வேணாம்."

"அப்போ ஓட்டும்போது யாராவது இடிச்சு நாற்காலி திரும்பிட்டா?"

"கீழே கால்ல மிதிச்சா பூட்டிக்கும் சார். இதோ."

அவர் குனிந்து அந்தச் சின்ன மிதியைப் பார்த்தார். அந்த ஒரு நிமிஷம் எனக்குப் பயமே இல்லை. வாழ்க்கையில் முதல் தடவையாக ஒருவர் என் கப்பலைப் பற்றிக் கேள்வி கேட்கிறார், நான் பதில் சொல்கிறேன். இன்னும் கேட்க மாட்டாரா என்று இருந்தது.

அவர் நிமிர்ந்தபோது முகம் மாறியிருந்தது. அப்பாவைப் பார்த்தார். "இவ்வளவு விவரமா பேசறாளே. யாருய்யா சொல்லிக் குடுத்தது? வீட்ல வேலை விஷயமெல்லாம் பேசுவியா?"

அப்பா மேசை விளிம்பைப் பிடித்துக்கொண்டார். எனக்கு அப்போதுதான் புரிந்தது. எனக்குத் தெரிந்திருப்பது ஒவ்வொன்றும் அப்பாவின் தலையில் விழுகிறது. நான் வாயைத் திறக்கத் திறக்க அவர் மூழ்குகிறார்.

"எனக்கு ஒண்ணும் தெரியாது சார்," என்றேன். "சும்மா டிவில பார்த்துக் கிறுக்கினேன்."

"அந்த மிதி?"

"தெரியாது சார். தையல் மெஷின்ல இருக்குமே, அதைப் பார்த்துப் போட்டேன்."

அவர் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். நம்பினாரா, இல்லை நம்ப முடிவு செய்தாரா என்று எனக்கு இன்றுவரை தெரியாது. கெட்டவர் இல்லை. ஒரு தாளை என் பக்கம் நகர்த்தி, "நான் சொல்றதை எழுதும்மா," என்றார். எழுதினேன். 'நான் விவரம் அறியாத சிறுமி. டிவி பார்த்து விளையாட்டாகக் கிறுக்கினேன். இந்தப் படத்தில் உள்ளது எதுவும் எனக்குப் புரியாது. யாரும் எனக்குச் சொல்லித் தரவில்லை.' கீழே என் பேர். கடிதத்தில் போடப் பயந்து விட்ட என் சொந்தப் பேரை, அங்கே, அந்த வரிகளுக்குக் கீழேதான் எழுதினேன்.

தாளை வெளியே கொண்டுவந்ததற்கு அப்பாவுக்கு எழுத்தில் ஒரு எச்சரிக்கை. வேலை தப்பியது, வீடு தப்பியது. படங்கள் இரண்டையும் அதிகாரி கோப்பில் வைத்துக் கட்டிவிட்டார்.

திரும்பும்போது அப்பா சைக்கிளை மிதிக்காமல் தள்ளிக்கொண்டே வந்தார். பாதி வழியில், என்னைப் பார்க்காமல் கேட்டார். "அந்த சீட்டு சுத்தும்னியே. கீழ பேரிங் எங்க வர்ற மாரி வெச்சிக்கிற?"

கோபமாகக் கேட்கவில்லை. பக்கத்து மெஷின்காரரிடம் கேட்பதுபோல் கேட்டார். எங்கே வரும் என்று எனக்குத் தெரியும். சொல்ல வாய் வரவில்லை.

"தெரியலப்பா," என்றேன். 

மறுநாள் ஞாயிறு. ஆன்ட்டி வந்து கூப்பிட்டார் என்று போய்ப் பாயில் உட்கார்ந்தேன். தண்ணீர் கேட்டார்கள், கொடுத்தேன். திங்கட்கிழமை புங்க மரத்தடியில் தோழி டப்பாவைத் திறந்தாள். மற்ற பெண்களும் வந்து உட்கார்ந்தார்கள். "ம், சொல்லு. கப்பலு இன்னா ஆச்சு?"

பார்த்ததை அப்படியே சொன்னேன். விண்கல் மழை பெய்தது. தலைவன் ஓட்டினான். கப்பல் தப்பித்தது.

"அவ?"

"அவளை உள்ளே போகச் சொல்லிட்டாங்க. போயிட்டா."

தோழி சோற்றைப் பிசைந்த கையோடு என்னைப் பார்த்தாள். அவள் நெற்றியில் ஒரு துளி பஞ்சு ஒட்டியிருந்தது.  இவ்வளவு நாள் சொன்னதெல்லாம் பொய், அந்தக் கப்பல்காரி ஒரு நாளும் ஓட்டினதில்லை, எனக்கு ஒன்றும் தெரியாது என்று சொல்லிவிட வாயெடுத்தேன்.

"போடி," என்றாள். "நீ தண்ணி மொள்ளப் போயிருப்பே. சரியாப் பார்க்கல." மற்ற பெண்கள் பக்கம் திரும்பி உட்கார்ந்தாள். "நான் சொல்றேன் கேளுங்க. அவ உள்ள போனது இன்னாத்துக்கு? உள்ள இன்னொரு ஓட்ற சீட்டு கீது. அவனுக்குத் தெரியாது. கல்லு வரும்போது அவன் சும்மா புடிச்சிக்கினு உக்காந்துகினு இருந்தான். உள்ள இருந்து ஓட்னது யாருன்ற?"

யாரும் சாப்பிடவில்லை. நானும் டப்பாவை மூடி வைத்துவிட்டுக் கேட்டுக்கொண்டிருந்தேன்.